பதினேழாம் நம்பர் சீல்

அத்தியாயம் பதினொன்று

கம்பெனியிலிருந்து வந்த உறையைப் போன அத்தியாயத்தில் அவள் பிரிக்காமலே தலையணை உறைக்குள் செருகி வைத்தாள் அல்லவா, அதில் நிறையப் பேருக்குக் கோபம். பிரித்துத் தொலைத்தால் என்ன என்று கேட்கிறார்கள். கேட்பது சுலபம். அதே கம்பெனியில் வேலை பார்க்கிற நாத்தனார் எதிரே உட்கார்ந்து குழந்தையின் துணியை மடித்துக்கொண்டிருக்கும்போது, நீங்களாக இருந்தாலும் பிரித்திருக்க மாட்டீர்கள்.

ஆகவே அந்த நாத்தனார், அவள் அக்கா என்று கூப்பிடுகிறவர், காலை ஷிஃப்டுக்குக் கிளம்பி, தெருமுனை திரும்பும்வரை ஜன்னலில் நின்று பார்த்துவிட்டு, அதன் பிறகுதான் பிரித்தாள்.

புதிதாக வருகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. இவள் மூக்குக்கண்ணாடிக்கு லென்ஸ் தேய்க்கிற கம்பெனியில் ஒன்பது வருஷம் கடைசி மேஜையில் உட்கார்ந்தவள். லென்ஸ் எத்தனை கை மாறி வந்தாலும், அந்த மேஜையில் பரிசோதித்து, கூட வரும் அட்டையில் சீல் குத்தினால்தான் வெளியே போகும். ஆளுக்கு ஒரு நம்பர், நம்பருக்கு ஒரு சீல். கூடத்தில் யாரும் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. இவள் பதினேழு. அக்கா நாலு.

பிரசவத்துக்குப் போய்விட்டு ஐந்து மாதம் கழித்துத் திரும்பியபோது, பதினேழின் நாற்காலியில் ஒரு புது ஆள் உட்கார்ந்திருந்தான். இவளைக் கீழ்த்தளத்துக்கு அனுப்பி, அட்டைப்பெட்டியில் டேப் ஒட்டச் சொன்னார்கள். ஏன் என்று கேட்டதற்கு, கைக்குழந்தைக்காரிக்குக் கண்ணும் கவனமும் லென்ஸில் நிற்காது என்று மேனேஜர் சிரித்துக்கொண்டே சொன்னார். அந்தச் சிரிப்புக்குத்தான் இந்த வழக்கு.

வழக்கைத் தொழிலாளர் தீர்ப்பாயத்தில் போட மூன்று மாதம் கெடு. கம்பெனி என்ன பதில் சொல்கிறது என்று பார்த்துவிட்டுப் போடலாம் என்று வக்கீலம்மா காத்திருந்தார். கம்பெனியும் அதைத் தெரிந்துகொண்டு ஆற அமரப் பதில் எழுதியது. இன்று மாலை ஐந்து மணியோடு கெடு முடிகிறது.

உறைக்குள் மூன்று தாள்கள் இருந்தன.

முதல் தாளைப் படித்தாள். இடமாற்றத்துக்கும் குழந்தைக்கும் சம்பந்தமே இல்லையாம். வேலையில் பிழையாம். பதினேழாம் நம்பர் சீல் குத்தி வெளியே போன ஏழு ஜோடி லென்ஸ்கள் கடைகளிலிருந்து திரும்பி வந்திருக்கின்றன. ஒன்றில் வலதும் இடதும் மாறியிருந்தது. இன்னொன்றில் கோணம் பத்து டிகிரி தப்பு. அதைப் போட்டுக்கொண்டு படி இறங்கிய ஒரு பெரியவர் விழுந்து மணிக்கட்டை உடைத்துக்கொண்டார் என்றும் எழுதியிருந்தார்கள்.

இரண்டாம் தாளில் அந்த ஏழு அட்டைகளின் நகல். ஏழிலும் அவளுடைய சீல் அச்சாக விழுந்திருந்தது.

அவள் அழுதாள். வழக்கு தோற்கப் போகிறதே என்று அல்ல. யாரோ ஒரு பெரியவர் தன்னால் விழுந்துவிட்டார் என்று அழுதாள். ஒன்பது வருஷத்தில் ஒரு லென்ஸ்கூடத் திரும்பி வராதவள் என்ற கர்வம் அவளுக்கு உண்டு, அது உடைந்தால் வலிக்காதா. குழந்தை அவள் மடியில் பால் குடித்துக்கொண்டே, அம்மா ஏன் குலுங்குகிறாள் என்று அண்ணாந்து பார்த்தது.

அழுது முடித்து மூக்கைச் சிந்திய பிறகுதான் முதல் அட்டையின் மூலையில் இருந்த எண்கள் கண்ணில் உறைத்தன. 32/4.

அந்தக் கம்பெனியில் யாரும் தேதி எழுதுவதில்லை. வருஷத்தில் எத்தனையாவது வாரம், வாரத்தில் எத்தனையாவது நாள், அவ்வளவுதான். 32/4 என்றால் முப்பத்திரண்டாவது வாரம், நாலாவது நாள். ஒன்பது வருஷமாகப் பார்க்கிற எண் என்பதால் அதன்மேல் கண் நிற்காது, வழுக்கிக்கொண்டு போய்விடும். வக்கீலம்மா பார்த்திருந்தால் ஏதோ பெட்டி நம்பர் என்று நினைத்திருப்பார்.

போன வருஷக் காலண்டர் இன்னும் அலமாரிக் கதவின் உள்பக்கம் தொங்கிக்கொண்டிருந்தது. டாக்டரிடம் போன நாட்களை எல்லாம் வட்டமிட்டது, தூக்கிப்போட மனசு வரவில்லை. குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு விரலால் வாரத்தை எண்ணினாள். நம்பிக்கை வராமல் மறுபடி முதலிலிருந்து எண்ணினாள். மூன்றாவது தடவையும் விரல் அதே கட்டத்தில்தான் வந்து நின்றது.

அந்தக் கட்டத்தில் இரண்டு வட்டம் இருந்தது. குழந்தை பிறந்த நாள்.

மற்ற ஆறும் அதற்குப் பிந்தியவை. அவள் தையல் போட்ட வயிற்றோடு படுத்துக்கிடந்த இரண்டு வாரத்தில், யாரோ அவளுடைய சீலை எடுத்து வரிசையாகக் குத்தியிருக்கிறார்கள்.

புருஷனை உலுக்கி எழுப்பினாள். அவன் லிஃப்ட் மெக்கானிக். பகல் முழுக்க மற்றவர்களை மேலும் கீழும் கொண்டுவிடுகிறவன், தன் வீட்டு விஷயத்தில் மட்டும் எந்த மாடியிலும் நிற்க மாட்டான். பொண்டாட்டி ஒன்று சொன்னால் ஆமாம் என்பான், அக்கா அதற்கு எதிராகச் சொன்னால் அதுவும் சரிதானே என்பான். இத்தனை நாள் அந்த வீட்டில் சண்டை வராமல் இருந்ததற்கு அதுவும் ஒரு காரணம்.

அவள் காலண்டரையும் அட்டையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டினாள். அவனுக்குத் தூக்கம் ஒரு நொடியில் போனது. "அப்ப ஜெயிச்சாச்சு," என்றான்.

"மூணாவது தாளைப் படிங்க."

அதில் இரண்டே வரி. விடுப்பில் போகிறவர் சீலை ஆபீஸ் அலமாரியில் ஒப்படைத்துப் பதிவேட்டில் கையெழுத்துப் போட வேண்டும் என்பது விதி. மேற்படியார் ஒப்படைத்ததாகப் பதிவேட்டில் கையெழுத்து இல்லை.

மெக்கானிக் அதைப் படித்துவிட்டுத் தாளை மடித்தான். மடித்ததை இன்னொரு தடவை மடித்தான். அவன் முகம் மாறியதை அவள் பார்த்தாள்.

அந்த இரட்டை வட்டத்துக்கு முந்தின நாள் நடந்தது இருவருக்கும் நன்றாகத் தெரியும். சொன்ன தேதிக்கு இரண்டு வாரம் முன்னதாக, மேஜையில் உட்கார்ந்திருக்கும்போதே வலி எடுத்துவிட்டது. அக்காதான் தோளைப் பிடித்து கேட்வரை நடத்திக்கொண்டு வந்தார். இவன் வாடகை வண்டியோடு வந்து, ஒரு கையில் அவள் பையையும் இன்னொரு கையில் அவளையும் வாங்கிக்கொண்டான். வண்டியில் ஏறப் போனவள், சட்டைப் பையில் சீல் இருப்பது ஞாபகம் வந்து, அதை எடுத்து அக்காவின் உள்ளங்கையில் வைத்தாள். அலமாரியில் வெச்சுருங்க அக்கா என்றாள். நான் பாத்துக்கறேன், நீ போ என்றார் அக்கா.

வேறு யாராக இருந்தாலும் அவள் கொடுத்திருக்க மாட்டாள். ஒரு கையெழுத்து வாங்கிக்கொண்டுதான் கொடுத்திருப்பாள். வீட்டு மனுஷியிடம் யார் கையெழுத்து வாங்குகிறார்கள்?

* * *

வக்கீலம்மாவின் அறை ஒரு டயர் கடைக்கு மேலே இருந்தது. கீழே காற்று அடிக்கிற சத்தம் நிற்கும்போது மட்டும்தான் பேச முடியும். அவர் பிஸ்கட்டை டீயில் தோய்த்து, அது ஊறி விழுகிற கடைசி விநாடியில் வாயில் போடுகிற பழக்கம் உள்ளவர். இன்றைக்கு அட்டை நகலையும் காலண்டரையும் மாறி மாறிப் பார்த்ததில் பிஸ்கட் விழுந்தே விட்டது.

தேதி விஷயம் தங்கம் என்றார். அதே மூச்சில், ஆனால் தேதி மட்டும் போதாது என்றும் சொன்னார். கம்பெனி எப்படி நழுவும் என்று அவருக்கு அத்துப்படி. சரி, நீ குத்தவில்லை, ஆனால் சீலை ஒப்படைக்காமல் போட்டுவிட்டுப் போனது நீதானே, அந்த அலட்சியத்துக்குத்தான் இடமாற்றம், குழந்தைக்கும் அதற்கும் என்ன சம்பந்தம் என்பார்கள். அந்த மூன்றாம் தாள் அதற்குத்தான் வந்திருக்கிறது.

"சீலை யார்கிட்ட குடுத்த?" என்று கேட்டார்.

அவள் தரையைப் பார்த்தாள். காற்று அடிக்கிற சத்தம் நின்றுவிட்டிருந்தது, பேசாமல் இருக்க அந்தச் சாக்கும் இல்லை.

"எங்க நாத்தனார்கிட்ட."

"அங்க இப்ப லைன் இன்சார்ஜா இருக்காங்களே, அவங்களா?"

"ஆமாங்க."

வக்கீலம்மா டீ கிளாஸை ஓரமாக நகர்த்தினார். பிறகு விண்ணப்பத்தைத் திருப்பி, காலியாக இருந்த ஒரு பகுதியைப் பேனாவால் தட்டிக் காட்டினார். அங்கே அந்தப் பெயரை எழுத வேண்டும். கொடுத்ததைப் பார்த்த ஒரு சாட்சி கையெழுத்துப் போட வேண்டும். எழுதாமலும் தாக்கல் செய்யலாம், யாரும் தடுக்க மாட்டார்கள். ஆனால் இன்றைக்கு மறைத்ததை இரண்டு மாதம் கழித்துச் சொன்னால், இவ்வளவு நாள் எங்கே போயிருந்தாய் என்று முதல் கேள்வியே அதுவாகத்தான் இருக்கும்.

"யாராவது பாத்தாங்களா?"

"எங்க வீட்டுக்காரர் பாத்தார்."

"அவருக்கு அந்த அம்மா யாரு?"

"கூடப் பொறந்த அக்கா."

வக்கீலம்மா பேனாவை மூடினார். நிறைய வழக்கு பார்த்தவர், ஆறுதல் சொல்லும் வழக்கம் அவரிடம் இல்லை. நாலரை மணிக்குள் தீர்ப்பாயத்தில் வரிசையில் நிற்க வேண்டும் என்று மட்டும் சொல்லி, விண்ணப்பத்தை அவள் கையில் கொடுத்தார். தனக்கு மதியம் இன்னொரு கோர்ட்டில் வேலை இருக்கிறது, கவுண்ட்டரில் நீட்ட வக்கீல் தேவையில்லை என்றார்.

அவள் படியிறங்கும்போதே புருஷனுக்கு ஃபோன் செய்தாள். அக்காவிடம் நீங்களே முதலில் பேசுங்கள், முதுகுக்குப் பின்னால் பெயரை எழுத எனக்கு இஷ்டமில்லை என்றாள். இந்த இடத்தில் அவளைக் கோழை என்று சொல்லாதீர்கள். ஒரே கூரையின் கீழ் இருந்து பார்த்தவர்களுக்குத்தான் அது எவ்வளவு கஷ்டம் என்று தெரியும்.

* * *

இரண்டு மணிக்குச் சங்கு ஊதியது. காலை ஷிஃப்ட் வெளியே வந்தது. லென்ஸ் தூள் படாமல் தலையில் கட்டியிருந்த துணியை அவிழ்த்துக்கொண்டே வந்த அக்கா, கேட் ஓரமாக நின்ற தம்பியைப் பார்த்ததும் நடையைத் தளர்த்தினார்.

"பாப்பாவுக்கு என்ன?" என்பதுதான் முதல் கேள்வி.

பாப்பாவுக்கு ஒன்றுமில்லை, எதிர் வீட்டம்மாவிடம் இருக்கிறாள் என்றான். எப்போதும் அப்படித்தான். மதியம்வரை எதிர் வீடு, இரண்டரைக்கு அக்கா போய்த் தூக்கிக்கொள்வார். பெற்றவள் வேலை முடிந்து வரும்வரை அத்தை தோள்தான் அந்தக் குழந்தைக்குத் தொட்டில்.

இருவரும் பஸ் நிறுத்தம்வரை நடந்தார்கள். மெக்கானிக் எங்கே ஆரம்பிப்பது என்று தெரியாமல், கம்பெனிச் சுவரில் எத்தனை விளக்குக் கம்பம் இருக்கிறது என்று எண்ணிக்கொண்டே வந்தான். கடைசியில் கேட்டான்.

"அந்த சீலை நீ அலமாரில வெச்சியாக்கா?"

அக்கா நிற்கவில்லை. நடந்துகொண்டே சொன்னார். வைக்கத்தான் போனாராம். அலமாரி சாவிக்காக ஆபீஸுக்குள் போனபோது மேனேஜர் இருந்தார். புது ஆளுக்கு இன்னும் சீல் வரவில்லை, இரண்டு வாரம் இது ஓடட்டும், கொடு என்று கை நீட்டினார். நீட்டினால் கொடுக்காமல் இருக்க முடியுமா. கொடுத்துவிட்டார்.

"அந்த லென்ஸ் திரும்பி வந்தப்ப?"

"வந்தப்ப எனக்குத் தெரியும்."

"அவளைக் கீழ அனுப்பினப்ப?"

அக்கா இப்போது நின்றார். "அப்பவும் தெரியும். வாயத் திறக்கல. போதுமா?"

அதற்கு மேலும் இருந்தது கதை. போன வாரம் மேனேஜர் ஒரு தாளை நீட்டியிருக்கிறார். பதினேழாம் நம்பர் சீல் என் கைக்கு வரவேயில்லை என்று அதில் எழுதியிருந்தது. அக்கா அதில் கையெழுத்துப் போட்டுவிட்டார். லைன் இன்சார்ஜ் வேலை திங்கட்கிழமை நிரந்தரமாகிறது.

கேட்கிறவர்களுக்குக் கோபம் வரும். எனக்கும் வருகிறது. ஆனால் அந்த மனுஷியையும் ஒரு நிமிஷம் பார்க்க வேண்டும். கல்யாணமாகி இரண்டே வருஷத்தில் ஒரு பெட்டியோடு திரும்பி வந்தவர். இருபது வருஷம் தலை குனிந்து லென்ஸ் பார்த்ததில் கழுத்து நிமிராமல் போனவர். பெண் பிள்ளைக்கு எதற்கு இன்சார்ஜ் என்று அவரையும் மூன்று தடவை ஒதுக்கிவிட்டு, நாலாவது தடவைதான் கொடுத்தார்கள்.

"உனக்குப் பொண்டாட்டி இருக்கா, புள்ள இருக்கு," என்றார் அக்கா. "அவளுக்கு நீ இருக்க. எனக்கு அந்தக் கூடத்தை விட்டா என்னடா இருக்கு? நான் பொய் சொன்னேன்னு தெரிஞ்சா ஒரு நாள் வெச்சிருக்க மாட்டாங்க."

"அவளுக்கு மட்டும் வேற என்னக்கா இருக்கு?" என்று கேட்க நினைத்தான். நினைத்ததோடு சரி. மென்று விழுங்கினான்.

பஸ் வருவது தெரிந்தது. அக்கா அவன் சட்டைக் கையைப் பிடித்தார். "நீ பாக்கலைன்னு சொல்லிடு தம்பி. வண்டிக்காரனைப் பாத்துட்டு இருந்தேன், கவனிக்கலைன்னு சொல்லு. அவ்வளவுதான் கேக்கறேன். உன்கிட்ட இதுவரைக்கும் நான் எதுவும் கேட்டதில்ல."

அது உண்மை. கேட்டதே இல்லை. அவன் படிக்கிற காலத்தில் சீருடைக்கும் ஐ.டி.ஐ. ஃபீஸுக்கும் கொடுத்தவர், ஒரு நாள்கூடச் சொல்லிக்காட்டியதில்லை.

அவன் ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. வழக்கம்போல. அக்கா அதை ஆமாம் என்று எடுத்துக்கொண்டு, "பாப்பாவைத் தூக்கிக்கிறேன், நீ போயிட்டு வா," என்று சொல்லி பஸ் ஏறினார்.

* * *

தீர்ப்பாயம் மூன்றாம் மாடியில். லிஃப்ட் கதவில் பழுது என்று அட்டை தொங்கியது. வேறு நாளாக இருந்தால் மெக்கானிக்குக் கை அரித்திருக்கும். இன்று திரும்பிக்கூடப் பார்க்காமல் படியேறினான். ஏறும்போது மணி நாலு முப்பத்தைந்து.

அவள் நீள பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்திருந்தாள். மடியில் விண்ணப்பம். கையில் டோக்கன். இவளுக்கு முன்னால் இன்னும் மூன்று பேர். கவுண்ட்டருக்குப் பின்னால் இருந்த கிளார்க், ஐந்து மணிக்குக் கண்ணாடியை இறக்கிவிடுவேன் என்று எல்லோருக்கும் கேட்கும்படி ஏற்கெனவே இரண்டு முறை அறிவித்திருந்தார்.

"அக்கா என்ன சொன்னாங்க?"

"பஸ் லேட்டாயிடுச்சு," என்றான்.

"நான் பஸ்ஸைக் கேக்கல."

அவன் பக்கத்தில் உட்கார்ந்தான். சொல்லாமல் இருந்துவிடலாம் என்று வழி நெடுக ஒத்திகை பார்த்துக்கொண்டுதான் வந்தான். அக்கா ஞாபகமில்லைன்னு சொல்லிட்டாங்க, நானும் சரியா கவனிக்கல என்று இரண்டே வரி. நன்றாகத்தான் வந்தது ஒத்திகை. ஆனால் அவள் முகத்தைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு அது வாயிலிருந்து வரவில்லை. நடந்ததை எல்லாம் கொட்டிவிட்டான். மேனேஜர் கை நீட்டியது, இரண்டு வாரம் ஓடியது, அக்காவுக்குத் தெரிந்தே இருந்தது, போன வாரக் கையெழுத்து, எல்லாம்.

அவள் கேட்டுக்கொண்டே இருந்தாள். கையெழுத்து என்ற இடத்தில் மட்டும் கண்ணை மூடிக்கொண்டாள்.

"மூணு மாசமா நான் கீழ டேப் ஒட்டிட்டு வந்து அழும்போது, எனக்கு முதுகு தடவி விட்டாங்க," என்றாள். "உனக்கு இப்படி ஒரு அநியாயமான்னு என்கூட அழுதாங்க."

அந்த அழுகை பொய்யில்லை என்று மெக்கானிக்குத் தெரியும். அதைச் சொல்ல அது நேரமில்லை என்றும் தெரிந்ததால் பேசாமல் இருந்தான்.

டோக்கன் நம்பர் கூப்பிட்டார்கள். இன்னும் இரண்டு பேர். மணி நாலு நாற்பத்திரண்டு.

அவள் பேனாவை எடுத்தாள். காலியாக இருந்த பகுதியில் எழுத ஆரம்பித்தாள். வலி எடுத்தது, கேட்வரை வந்தது, விதிப்படி பதிவேட்டில் கையெழுத்துப் போடாமல் சீலைக் கையில் கொடுத்தது என் தவறு என்பது, எல்லாவற்றையும் எழுதினாள். தன் தவறை முதலில் எழுதினாள், அதுதான் அவள். பிறகு அக்காவின் முழுப் பெயரை எழுதினாள். எழுதும்போது ஒரு எழுத்து கோணியது. அடித்து எழுதாமல் அப்படியே விட்டாள்.

சாட்சி என்ற கட்டம் மிச்சமிருந்தது.

"நீங்க போட வேண்டாம்," என்றாள். "நான் கட்டாயப்படுத்த மாட்டேன். சாட்சி இல்லாமலே குடுக்கறேன், வர்றது வரட்டும். அவங்க உங்களுக்கு அம்மா ஸ்தானம். நாளைக்கு நீங்க என்னைப் பாத்து, உன்னாலதான்னு ஒரு வார்த்தை சொன்னா என்னால தாங்க முடியாது."

முன்னால் நின்றவர் கவுண்ட்டரை விட்டு நகர்ந்தார். கிளார்க் கண்ணாடி இறக்கும் கயிற்றை ஒரு கையில் பிடித்துக்கொண்டே அடுத்த நம்பரைக் கூப்பிட்டார். அவளுடைய நம்பர். நாலு ஐம்பது.

அவள் எழுந்து போய்த் தாள்களை நீட்டினாள். கிளார்க் கட்டை விரலை நனைத்துப் பக்கம் பக்கமாகப் புரட்டினார். அட்டை நகல் இருக்கிறதா, இருக்கிறது. கம்பெனி பதில், இருக்கிறது. கடைசிப் பக்கத்தில் விரல் நின்றது.

"சாட்சி காலியா இருக்கே. இல்லன்னு கோடு போட்டுடவா?"

அவள் வாயைத் திறப்பதற்குள் பின்னாலிருந்து ஒரு கை நீண்டு தாளை இழுத்தது.

"இருக்கு சார்," என்றான் மெக்கானிக். "நான் பாத்தேன்."

கவுண்ட்டர் மேலேயே வைத்து எழுதினான். பெயர், வேலை, விலாசம். விண்ணப்பதாரருக்கு என்ன உறவு என்ற இடத்தில் கணவர் என்று எழுதினான். அதற்குக் கீழே இன்னொரு கேள்வி இருந்தது. மேலே குறிப்பிடப்பட்ட எவருடனாவது சாட்சிக்கு உறவு உண்டா, உண்டெனில் என்ன உறவு. அந்தக் கோட்டின் மேல் பேனா முனை கொஞ்ச நேரம் அசையாமல் நின்றது. கிளார்க் மணியைப் பார்த்தார். அவள் புருஷனைப் பார்க்கவில்லை, பார்த்தால் அவன் அழுதுவிடுவான் என்று அவளுக்குத் தெரியும்.

அக்கா என்று எழுதினான். கீழே கையெழுத்துப் போட்டான்.

கிளார்க் வரவு நேரத்தைக் குறித்துக் கொடுத்தார். நாலு ஐம்பத்தாறு.

* * *

வீட்டுக்குப் போகிற வழியில் ஜெயித்தவர்கள் மாதிரி நடக்க அவர்களால் முடியவில்லை. தெருமுனையில் அவள் ஒரு நிமிஷம் நின்றாள். குழந்தை அக்காவிடம் இருக்கிறது. போய் வாங்கித்தான் ஆக வேண்டும்.

கதவு திறந்துதான் இருந்தது. அக்கா கூடத்தில் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு, முதுகைத் தட்டியபடி இந்தச் சுவருக்கும் அந்தச் சுவருக்குமாக நடந்துகொண்டிருந்தார். குழந்தை நன்றாகத் தூங்கிவிட்டிருந்தது. இருந்தும் தட்டுவதை நிறுத்தவில்லை.

"குடுத்தாச்சா?" என்று மெதுவாகக் கேட்டார்.

"குடுத்தாச்சு அக்கா," என்றாள் அவள்.

"என் பேரு?"

"இருக்கு."

அக்கா தலையை ஆட்டினார். அதை அவர் எதிர்பார்த்த மாதிரிதான் இருந்தது. தம்பி பக்கம் திரும்பினார். அவனிடம் வாய்விட்டுக் கேட்கவில்லை, பார்த்தார். அவன் இன்றைக்கும் தலையைக் குனிந்திருக்கலாம், சுவரைப் பார்த்திருக்கலாம்.

"நானும் போட்டுட்டேன்க்கா," என்றான். "பாத்ததைப் பாக்கலைன்னு சொல்ல வரல."

குழந்தையைத் தட்டிக்கொண்டிருந்த கை அப்போதுதான் நின்றது. அக்கா வந்து, கழுத்து ஆடாமல் ஒரு கையைக் கொடுத்து, குழந்தையை அவள் தோளுக்கு மாற்றினார். மாற்றிய பிறகும் விரல்களைச் சட்டென்று எடுக்காமல் குழந்தையின் காலைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"மேனேஜர் ஃபோன் பண்ணினாரு," என்றார். "நாளைக்குக் காலைல கம்பெனி வக்கீல் முன்னாடி உக்காரணுமாம். போன வாரம் எழுதிக் குடுத்ததை இன்னொரு தரம் சத்தியம் பண்ணிக் குடுக்கணுமாம்."

மெக்கானிக் கதவைச் சாத்தினான்.

"பொய்னு அங்க சொன்னா நாளையோட எனக்கு வேலை இல்ல. நிஜம்னு சொன்னா..." அக்கா தம்பியைப் பார்த்தார். "நீ பொய் சாட்சி சொன்னவன்னு ஆயிடும் இல்ல? உன்னைத்தான் முதல்ல பிடிப்பாங்க."

மெக்கானிக் அதை யோசித்திருக்கவே இல்லை. அவள் யோசித்திருந்தாள் என்பது, குழந்தையை இறுக்கிக்கொண்ட விதத்தில் தெரிந்தது.

"என்ன சொல்லப் போறீங்க அக்கா?" என்று கேட்டாள்.

சாப்பாடு மூடி வைத்திருக்கிறது, ஆறுவதற்குள் இருவரும் சாப்பிடுங்கள் என்றார் அக்கா. தன் அறைக்குப் போய், இந்த வீட்டுக்குக் குடிவந்த எட்டு வருஷத்தில் ஒரு நாளும் போடாத தாழ்ப்பாளைப் போட்டுக்கொண்டார்.